மாயச்செடி ஒன்றைக் கதைக்குள் வளர்க்கும் முறை

கற்பனை உலகக் கதை எழுத முற்படுவோர், மாயச்செடி என்றதும் முதலில் அதன் சக்தியைத்தான் தீர்மானிக்கிறார்கள். இறந்தவரை எழுப்பும், கேட்டதைக் கொடுக்கும் என்று எழுதிவிட்டு, அதற்குப் பிறகே இலையையும் பூவையும் ஒட்டவைக்கிறார்கள். இந்த வரிசையைத் திருப்பிப் போடுவது நல்லது. செடி எந்த மண்ணில் வேர்பிடிக்கிறது, எந்த மழைக்குத் துளிர்க்கிறது என்பவை முடிவாகிவிட்டால், சக்தி பெரும்பாலும் அங்கிருந்தே கிடைத்துவிடும்.

கம்பத்திலிருந்து குமுளிக்கு ஏறும் மலையையே எடுத்துக்கொள்வோம். தென்மேற்குப் பருவமழை முகட்டுக்கு மேற்கே கொட்டித் தீர்த்துவிடுவதால், கிழக்கே பள்ளத்தாக்குக்கு வந்து சேர்வது பெரும்பாலும் காற்றும் சாரலும்தான். மேற்கு நோக்கி ஓடும் பெரியாற்றின் நீரை முல்லைப் பெரியாறு அணையில் தேக்கி, மலையைக் குடைந்து கிழக்கே திருப்பிவிடும் ஏற்பாடு 1895 முதல் இருந்து வருகிறது. இத்தகைய முகடு ஒன்று உங்கள் உலகிலும் இருந்து, அணை கட்டத் தெரிந்தவர் எவரும் அங்கே இல்லையென்றால், அதன் உச்சியில் முளைக்கும் செடிக்கு மேகத்தை இழுக்கும் சக்தியைத் தவிர வேறு எது பொருந்தும்? அதற்கு மஞ்சுருவி என்று பெயர் வைப்போம்; மஞ்சு என்றால் மேகம். ஆடு மேய்ப்பவர் வாயில் நுழையாத பெயரை எந்த மூலிகைக்கும் சூட்ட வேண்டாம்.

உருவத்தை உண்மையான செடியிடமிருந்து கடன் வாங்கலாம். ஈரமான புல்வெளிகளில் தரையோடு ஒட்டி வளரும் அழுகண்ணியைக் குனிந்து பார்த்தால், இலையைச் சுற்றிலும் சிவந்த மயிர்களும், ஒவ்வொன்றின் நுனியிலும் ஒரு பசைத்துளியும் தெரியும். பனித்துளி காய்ந்துவிடும் வெயிலிலும் அது காய்வதில்லை. அதில் சிற்றெறும்பு ஒன்று ஒட்டிக்கொண்டால், சுற்றியுள்ள மயிர்கள் மெல்ல அதன்மேல் வளைகின்றன. பூச்சியைப் பிடிக்கும் அந்த இலை மஞ்சைப் பிடிப்பதாக மாற்றினால் போதும். ஒரே ஓர் இயல்பை மட்டும் ஒரு படி மிகைப்படுத்துங்கள். ஒளிர்வதும் பாடுவதும் நடப்பதும் ஒரே செடியில் சேர்ந்தால் வாசகர் எதையும் நம்பமாட்டார்.

காலத்தையும் வரையறுக்க வேண்டும். நீலக்குறிஞ்சி 12 ஆண்டுகளுக்கு ஒருமுறை மலைச்சரிவு முழுவதும் ஒன்றாகப் பூத்து, விதையை உதிர்த்துவிட்டு மடிகிறது. மூணாறு மலைகளில் 2006-லும் 2018-லும் அப்படிப் பூத்தது. மஞ்சுருவியும் பூக்கும் ஆண்டில் மட்டுமே மேகத்தை இழுக்கும் என்று வைத்துக்கொண்டால், முந்தைய பூப்பைச் சிறுவயதில் பார்த்தவர்தாம் இந்தப் பூப்பின்போது ஊரை நடத்துவார். அவருடைய நினைவு சரியா தவறா என்பதே ஒரு சண்டைக்குப் போதும்.

எல்லாவற்றிலும் முக்கியமானது விலை. அதியமான் ஔவைக்குக் கொடுத்த நெல்லிக்கனி இன்றும் பேசப்படுவதற்கு, அது ஆயுளை நீட்டிக்கும் என்பது மட்டும் காரணமன்று. ஏறுதற்கரிய மலைப்பிளவில் கிடைத்த அந்தக் கனியைத் தான் உண்ணாமல் கொடுத்தான் என்பதுதான் காரணம். மஞ்சுருவிக்கும் அப்படி ஒரு கணக்கு வேண்டும். கிழக்கே இழுக்கப்படும் ஒவ்வொரு மேகமும் மேற்கே பெய்திருக்க வேண்டியது. நிழலும் ஈரமும் இல்லாமல் நிற்காத ஏலச்செடிகள் அங்கே வாடத் தொடங்கும். இரண்டு சரிவுகளிலும் இருப்பவர்கள் பகைவர்களாக இல்லாமல், பெண் கொடுத்துப் பெண் எடுத்த சம்பந்திகளாக இருக்கட்டும். மருமகளின் பிறந்த வீட்டு வயல் விளைய வேண்டுமானால் அவள் வாழ வந்த வீட்டுத் தோட்டம் கருக வேண்டும் என்ற நிலை வந்துவிட்டால், அரக்கனோ மந்திரவாதியோ கதைக்குத் தேவைப்படாது.

செடியை அறிந்தவர் யார் என்பதிலும் சோம்பல் கூடாது. குகையில் தாடியுடன் அமர்ந்திருக்கும் சித்தரை நாம் போதுமான அளவு பார்த்துவிட்டோம். 1987-இல் அகத்தியமலைக் காட்டில் ஆய்வாளர்களுடன் சென்ற காணிப் பழங்குடி மக்கள், களைப்புத் தெரியாமல் நடப்பதற்காக மென்ற ஒரு பழத்தின் வழியாகத்தான் ஆரோக்கியப்பச்சை என்ற மூலிகை வெளியுலகுக்குத் தெரிய வந்தது. அறிவு அவர்களுடைய அன்றாட நடையிலேயே இருந்தது. அதுபோல, விடியுமுன் ஜீப்பில் மலையேறிப் போய், தூரடியில் தரையோடு கிடக்கும் சரங்களில் நாள் முழுவதும் குனிந்து ஏலக்காய் எடுக்கும் பெண்ணின் கண்ணில்தான் புதிதாக முளைத்த செடி முதலில் படும்.

சக்தி வெளிப்படுவதற்கு முன்பு, செடியை வெறும் களையாக இரண்டு முறையாவது காட்டிவிடுங்கள்: ஆடு அதை மட்டும் ஒதுக்கிவிட்டு மேயலாம், அதன் அருகில் விரித்த துணி உலராமல் போகலாம். திகைப்பூண்டை மிதித்தால் வழி தப்பும் என்று நம் ஊர்களில் சொல்வதுண்டு. ஏன், எப்படி என்று யாரும் கேட்பதில்லை. மஞ்சுருவிக்கும் விளக்கத்தைத் தள்ளிவையுங்கள். தவிர்க்க முடியாதபோது, அதைப் பிடுங்க வந்தவரும் தடுக்க நிற்பவரும் வாதிடும் பேச்சில் பாதிப் பாதியாக வரட்டும், இருவரில் ஒருவர் சொல்வது தவறாகவும் இருக்கட்டும்.