விஷியில வேஷம் போட்ட கைடோட ஊர் சுத்துறது எப்படி

பிரான்ஸ்ல அலியே ஆத்தங்கரையில விஷின்னு ஒரு ஊர், வெந்நீர் ஊற்றுக்குப் பேர் போனது. பழைய காலத்து டிரஸ் போட்டுக்கிட்டு கைடு முன்னாடி நடக்க, நாம பின்னாடியே போய் ஊரைப் பாக்குற டூர் அங்க உண்டு. நான் ரெண்டு தடவை போயிருக்கேன். முதல் தடவை அந்தம்மாவோட கவுனையும் குடையையும் பாத்து வாயைப் பொளந்துக்கிட்டே நடந்தேன், வீட்டுக்கு வந்து போனைத் தொறந்தா நாப்பது போட்டோவுலயும் கவுன்தான் இருக்கு, ஊரைக் காணோம். ரெண்டாவது தடவைதான் இந்த டூரை எப்படிப் பாக்கணும்னு புடிபட்டுச்சு. நீங்க ஒரே தடவை போறதா இருந்தா இதைப் படிச்சுட்டுப் போங்க.

முதல்ல புக் பண்ற விஷயம். ஊர் டூரிஸ்ட் ஆபீஸ்ல கேட்டாலே என்னைக்கு எந்த டூர்னு சொல்லிடுவாங்க. ஆனா ரெண்டு வார்த்தையைக் கவனிச்சுக்கோங்க. ‘விசித் கோஸ்த்யுமே’ன்னு போட்டிருந்தா கைடு காஸ்ட்யூம்ல வருவாங்க, அவ்வளவுதான். ‘விசித் தெயாத்ராலிசே’ன்னு இருந்தா நடுநடுவுல நடிப்பு இருக்கும், மரத்துக்குப் பின்னாலேர்ந்து ஒருத்தர் திடீர்னு வந்து மாமியார் சண்டை போடுவார். குழந்தைங்களோட போனா ரெண்டாவது சூப்பர். பிரெஞ்சு அரைகுறைன்னா முதலாவதே போதும், ஏன்னா நடிக்கிறவங்க பேசுற வேகத்துக்கு நம்மால ஓட முடியாது. இன்னொண்ணு, பிரான்ஸ்ல டூர் கம்பெனிக்காரங்க மியூசியம், பழைய நினைவுச்சின்னம் எல்லாம் சுத்திக் காட்டணும்னா அதுக்குன்னு தகுதி வாங்கின கைடைத்தான் போடணும், அவங்களுக்குத் தனி கார்டே உண்டு. நடிகருக்கு அந்தக் கார்டு இருக்கணும்னு இல்ல. அதனால சரித்திரக் கேள்வியைக் கைடுகிட்ட கேளுங்க, நடிகர்கிட்ட ஜோக் மட்டும் கேளுங்க.

பாரிஸ்லேர்ந்து வர்றவங்க பெர்சி ஸ்டேஷனுக்குப் போகணும், பழக்கதோஷத்துல கார் த லியோன்ங்கிற இன்னொரு ஸ்டேஷனுக்குப் போய் நின்னுடாதீங்க. ரயில்ல கிட்டத்தட்ட 3 மணி நேரம். விஷியில இறங்கினா ரூ த பாரின்னு ஒரு கடைத்தெரு, அதைப் புடிச்சு நடந்தா ஊர் நடுவுக்கு வந்துடலாம். கால்ல நல்ல ஷூ போட்டுக்கோங்க. மழைன்னு டூரை கேன்சல் பண்ணாதீங்க, பார்க் தே சூர்ஸ்னு நடு ஊர்ல இருக்கிற பூங்காவைச் சுத்தி இரும்புத் தூண் வெச்ச கூரை போட்ட நடைபாதை ஒரு 700 மீட்டருக்கு இருக்கு, நனையாமலே பாதி டூர் முடிஞ்சிடும். அந்த இரும்புக் கூரை 1889ல பாரிஸ்ல நடந்த உலகக் கண்காட்சிலேர்ந்து பிரிச்சுக் கொண்டாந்து மாட்டினது.

இப்ப முக்கியமான விஷயத்துக்கு வரேன். கைடைப் பாத்தவுடனே டிரஸ் அழகா இருக்கான்னு பாக்காதீங்க, அது எந்த வருஷத்து டிரஸ்னு பாருங்க. பாவாடை கூடாரம் மாதிரி விரிஞ்சு நின்னா, உள்ள ஸ்டீல் வளையம் வெச்ச கிரினோலின் இருக்குன்னு அர்த்தம், அது 1850கள் கடைசி, 1860கள், அதாவது பிரான்ஸை ஆண்ட சக்கரவர்த்தி மூணாம் நெப்போலியன் காலம். பாவாடை கீழ இறங்கி ஒல்லியா, இடுப்பு இறுக்கி, தலையில இறகு வெச்ச பெரிய தொப்பின்னா 1900 பக்கம். இந்த ரெண்டும்தான் விஷிக்குப் பொருத்தமான காலம், ஏன்னா ஊரே அந்த ரெண்டு தவணையிலதான் கட்டினது. மூணாம் நெப்போலியன் 1861லேர்ந்து 1866க்குள்ள அஞ்சு தடவை இங்க வந்து தங்கி தண்ணி குடிச்சார், சிறுநீர்ப்பைக் கல் அந்த மனுஷனைப் பாடாப் படுத்துச்சு. அவர் வந்த புண்ணியத்துல 1862ல ரயில், 1865ல காசினோ, ஒரு சர்ச், ஆத்தங்கரையில பெரிய பூங்கா எல்லாம் வந்துச்சு. ஆப்பரா, டோம் வெச்ச பெரிய குளியல் மாளிகை, ஊற்றுத் தண்ணி குடிக்கிற கண்ணாடி மண்டபம், இதெல்லாம் 1900லேர்ந்து 1903க்குள்ள வந்த இரண்டாம் தவணை.

இது தெரிஞ்சா ஒரு நல்ல விளையாட்டு விளையாடலாம். ரெண்டாவது தடவை எங்க கைடு கிரினோலின்ல வந்தாங்க, 1864ல இருக்கிற ஒரு சீமாட்டியா. கண்ணாடி மண்டபத்துக்கு முன்னாடி எல்லாரையும் நிறுத்தினாங்க. நான் மெதுவா, “மேடம், உங்களுக்கு இங்க என்ன தெரியுது?”ன்னு கேட்டேன். ஒரு செகண்ட் முழிச்சாங்க, அப்புறம் விசிறியை விரிச்சு பாதி முகத்தை மறைச்சுக்கிட்டு, “மரம் தெரியுது, இப்படி ஒரு கண்ணாடி மண்டபத்தை நான் கண்டதே இல்லையே”ன்னாங்க. கூட்டமே சிரிச்சிடுச்சு. அதுக்கப்புறம்தான் டூர் சூடு புடிச்சுச்சு, எழுதி வெச்சதை விட்டுட்டு, இந்தப் பூங்காவுக்கு முதலாம் நெப்போலியன் 1812லயே உத்தரவு போட்டது, மண்டபத்துக்கு முன்னாடி இங்க என்ன இருந்துச்சுன்னு வரிசையா சொல்ல ஆரம்பிச்சாங்க. கைடு தினமும் அதே பேச்சைப் பேசி அலுத்துப் போயிருப்பாங்க, இப்படி ஒரு கேள்விதான் அவங்களை எழுப்பும். ஆனா மரியாதையா கேட்கணும், மாட்டி விடுற மாதிரி கேட்கக் கூடாது.

தண்ணி விஷயம். குழாயைப் பாத்ததும் பாட்டிலைத் தூக்கிட்டு ஓடாதீங்க. விஷியில ஆறு ஊற்றுத் தண்ணி வைத்தியத்துக்குப் பயன்படுது, அதுல செலஸ்தன் ஒண்ணுதான் யார் வேணா இலவசமா புடிச்சுக் குடிக்கலாம். ஷொமேல், கிராந்த் கிரீய் மாதிரி சூடான ஊற்றெல்லாம் மருந்து கணக்கு, டாக்டர் அளவு சொல்லித்தான் குடிக்கிறது. செலஸ்தன் தண்ணி குளுமையா, லேசா கேஸ் இருக்கும், வாயில வெச்சா சோடா உப்பைக் கரைச்ச மாதிரி ஒரு ருசி. ஒரு லிட்டர்ல சோடியமே 1,100 மில்லிகிராமுக்கு மேல இருக்கு, அதனால பிபிக்கு மாத்திரை போடுறவங்க ஒரு வாய் ருசி பாத்துட்டு விட்டுடுங்க. பூங்கா மண்டபத்துப் பக்கம் போனா கந்தக வாசனை கொஞ்சம் தூக்கும், மூக்கைப் பொத்தாதீங்க, பக்கத்துல நிக்கிறவர் மூணு வாரம் அதையே குடிக்க வந்தவரா இருக்கலாம். பிரான்ஸ்ல இந்த வைத்தியம் இன்னைக்கும் 18 நாள் சிகிச்சைன்னு டாக்டர் சீட்டோடதான் நடக்குது. அந்தக் காலத்துல அளவு கோடு போட்ட கிளாஸை சின்னப் பிரம்புக் கூடையில வெச்சு தோள்ல மாட்டிக்கிட்டு நடப்பாங்க, ஊற்றுக்கிட்ட வெள்ளைத் தொப்பி போட்ட பொம்பளைங்க நின்னு தண்ணி ஊத்திக் கொடுப்பாங்க, ‘தொனேஸ் தோ’ன்னு பேர். டூர்ல மகாராணி வேஷம், தண்ணி ஊத்துறவ வேஷம்னு ரெண்டு சாய்ஸ் இருந்தா கண்ணை மூடிக்கிட்டு தண்ணிக்காரியை எடுங்க. மகாராணி கட்டடத்தைப் பத்திப் பேசுவா, தண்ணிக்காரிக்குத்தான் யார் யாரோட வந்தாங்கன்னு தெரியும்.

வம்புன்னதும் ஞாபகம் வருது, ஆத்தங்கரைப் பூங்கா ஓரமா மூணாம் நெப்போலியன் கட்டிக்கிட்ட ஷாலே வீடுங்க இருக்கு, மர வேலைப்பாட்டோட. அங்க நாய்க்குட்டிக் கதையைக் கேட்டு வாங்கிக்கோங்க. 1863ல ராணி யூஜெனி ராஜாவோட வாக்கிங் போறாங்க, எதிர்ல மார்கரித் பெலாஞ்சே, அவரோட ஆசை நாயகி. அவளோட நாய் ஓடி வந்து ராஜா கால்ல விழுந்து வாலாட்டுது, ரொம்ப நாள் பழகின மாதிரி. ராணிக்குப் புரிஞ்சு போச்சு, விஷியை விட்டுக் கிளம்பினவங்க திரும்பி வரவே இல்லைன்னு கதை. நாய் நெஜமா வந்துச்சோ இல்லையோ, கைடு சொல்றப்ப நம்பத் தோணும்.

நீங்களும் டிரஸ் போட்டுட்டுப் போகலாமான்னு கேப்பீங்க. தாராளமா, ஆனா வாடகைக்கு கிரினோலின் எடுத்து மாட்டிக்கிட்டு அவஸ்தைப்படாதீங்க, பாத்ரூம் போறதே பெரும்பாடு. வீட்டுல நல்ல காஷ்மீர் சால்வை இருந்தா அதை முக்கோணமா மடிச்சு தோள்ல போட்டுக்கோங்க, அந்தக் காலத்து பிரெஞ்சுப் பணக்காரப் பொம்பளைங்க அதுக்காக உசுர விட்டாங்க. கட்டம் போட்ட காட்டன் துணி எடுத்துட்டுப் போனாலும் ஜோர், சின்னச் சின்னக் கட்டம் போட்ட துணிக்கு பிரெஞ்சுல பேரே ‘விஷி’தான்.

ஒண்ணு மட்டும் ஜாக்கிரதை. விஷின்னா வெளியூர்க்காரங்களுக்கு முதல்ல ஞாபகம் வர்றது 1940. ஜெர்மனிகிட்ட தோத்துப் போனப்புறம் மார்ஷல் பெத்தேன்ங்கிற ராணுவத் தளபதி தலைமையில அரசாங்கம் நடந்தது இங்கதான், ஜூலை 10ஆம் தேதி இதே ஆப்பராவுலதான் நாடாளுமன்ற உறுப்பினர்கள் 569 பேர் அவருக்கு முழு அதிகாரம் கொடுத்து ஓட்டுப் போட்டாங்க, 80 பேர் எதிர்த்தாங்க. நடு ஊர்ப் பூங்கா ஓரத்துல இருக்கிற பழைய ஒத்தேல் து பார்க்ங்கிற ஹோட்டல்தான் பெத்தேனோட ஆபீஸ், இப்ப அது குடியிருப்பு. கிரினோலின் போட்ட அம்மாகிட்ட நடுவுல போய் இதைக் கேட்டா அவங்க பாவம், 1864க்கும் 1940க்கும் நடுவுல மாட்டிக்குவாங்க. டூர் முடிஞ்சு அவங்க தொப்பியைக் கழட்டின அப்புறம் கேளுங்க. நான் அப்படித்தான் கேட்டேன், எங்க கைடு குரலே மாறிடுச்சு, வேஷக் குரல் இல்லாம ஒரு கால் மணி நேரம் நின்னு பேசினாங்க, டூரைவிட எனக்கு அதுதான் அதிகம் ஒட்டிக்கிச்சு. அவங்களுக்கு டிப்ஸ் கட்டாயம் இல்ல, இப்படி நின்னு பேசினா மட்டும் கொடுக்காம வராதீங்க.

பேசி முடிச்சு பார்க்கிங் வரைக்கும் கூடவே நடந்தேன். ஒரு குட்டி கார். பாவாடைக்குள்ள கையை விட்டு ஏதோ முடிச்சை அவுத்தாங்க, வளையம் மொத்தமும் சலங்கை மாதிரி சத்தத்தோட தரையில விழுந்துச்சு, கீழ பாத்தா ஜீன்ஸும் ஸ்போர்ட்ஸ் ஷூவும். அதைத் தட்டையா அமுக்கி பின் சீட்டுல திணிச்சுட்டு, “இந்தக் கதவுக்குள்ள அது நுழையாது, மூணு வருஷமா தினமும் இதே பாடு”ன்னு சொல்லிட்டு வண்டியை எடுத்தாங்க.