வேர்ப்பூசணம் என்பது வேரில் வந்த நோய் அல்ல: மைக்கோரைசா என்ற சொல்லில் நாம் சறுக்கும் இடங்கள்

இடவப்பாதி மழை தொடங்க இரண்டு வாரம் இருக்கும்போது கன்னியாகுமரி மாவட்டத்தில் திருவட்டாறு பக்கம் எங்கள் மாமாவின் விளைக்குப் போயிருந்தேன். ஏத்தன் வாழை நட குழி எடுத்துப் போட்டிருந்தார். பெரிய வாளி ஒன்றில் கார்பென்டாசிம் கரைத்த தண்ணீர். கன்றுகளின் கிழங்கை அதில் முக்கி எடுத்து வரிசையாக வைத்துக்கொண்டிருந்தார். பக்கத்தில், நல்ல வெயிலில், ஒரு பாக்கெட். அதில் 'வேர்ப்பூசணம்' என்று கொட்டை எழுத்து.

"போன வருசம் வேருல பூசணம் பிடிச்சு பத்து மூடு போச்சுல்லா மக்களே, அதுக்க மருந்துதான் இது" என்றார் மாமா. "குழிக்கு ஒரு பிடி போடச் சொல்லித் தந்தான்."

பாக்கெட்டைத் திருப்பிப் படித்தேன். உள்ளே இருந்தது பூசணத்துக்கு மருந்து அல்ல, பூசணமேதான்; வேரோடு கூட்டு வைத்துச் செடிக்கு உதவும் பூஞ்சை. வாளியில் இருந்தது பூஞ்சையைக் கொல்வது, பாக்கெட்டில் இருந்தது பூஞ்சை. இரண்டும் ஒரே நாளில் ஒரே குழிக்குள் போகவிருந்தன.

மாமாவைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. 'வேர்ப்புழு' என்றால் வேரைத் தின்னும் புழு, 'குருத்துப்பூச்சி' என்றால் குருத்தைக் கெடுக்கும் பூச்சி. அந்தக் கணக்கில் 'வேர்ப்பூசணம்' வேறு என்னவாக இருக்க முடியும்? ஊறுகாயில் படர்வது, ஆனி ஆடி மழையில் அலமாரிக்குள் இருக்கும் செருப்பில் பூப்பது என்று பூசணம் நம் வீடுகளில் நல்ல பேர் எடுத்ததே இல்லை. சிலர் 'வேர் உட்பூசணம்' என்றும் எழுதுகிறார்கள். அது இன்னும் பயமுறுத்துகிறது. கடைகளில் இதற்கு வழங்கும் இன்னொரு பெயர் 'வேம்'. அப்படிக் கேட்டால் வேம்பு சம்பந்தப்பட்ட ஏதோ என்று நினைத்து வேப்பம்புண்ணாக்கு மூட்டையைக் காட்டுகிறவர்களும் உண்டு. என்னைக் கேட்டால், ஆங்கிலத்தில் சொல்வதுபோல் மைக்கோரைசா என்றே சொல்லிவிடலாம். யூரியாவும் பொட்டாஷும் நம் வாயில் நுழையவில்லையா?

ஆனால் அந்தச் சொல்லிலும் ஒரு பெரிய வழுக்கல் இருக்கிறது. 'மைக்கோரைசா ஒரு பூஞ்சை' என்று கையேடுகளிலும் தேர்வுத் தாள்களிலும் எழுதுகிறார்கள். அது தவறு.

1885இல் ஜெர்மானியத் தாவரவியலாளர் ஆல்பர்ட் பெர்ன்ஹார்ட் ஃபிராங்க் உண்டாக்கிய சொல் இது. ட்ரஃபிள் என்னும் விலையுயர்ந்த நிலத்தடிக் காளானை வளர்க்க வழி உண்டா என்று பார்க்கும் வேலை அவரிடம் வந்திருந்தது. காட்டு மரங்களின் வேர்நுனிகளைத் தோண்டிப் பார்த்தவருக்கு, பூஞ்சையும் வேரும் பிரிக்க முடியாதபடி ஒன்றாகி ஒரே உறுப்புபோல் இருப்பது தெரிந்தது. அந்தக் கூட்டு உறுப்புக்குத்தான் அவர் பெயர் வைத்தார். கிரேக்கத்தில் 'மைக்கீஸ்' பூஞ்சை, 'ரைசா' வேர், சேர்த்தால் பூஞ்சைவேர். பெயரில் பாதி வேர்தான்.

இதற்கு நம் அடுக்களையிலேயே ஒரு உதாரணம் உண்டு. பிரியாணிக்குப் போடும் கல்பாசி ஒரு செடியும் அல்ல, வெறும் பூஞ்சையும் அல்ல. ஒரு பூஞ்சையும் ஒரு பாசியும் சேர்ந்து வாழும் வாழ்க்கைக்கு அந்தப் பெயர். மைக்கோரைசாவும் அப்படித்தான். கல்யாணத்தைப் பொட்டலம் கட்டி விற்க முடியாது. மாப்பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வரலாம், அவ்வளவுதான். பாக்கெட்டில் இருப்பது மாப்பிள்ளை. வேர் வந்தால்தான் மைக்கோரைசா.

ஆகவே 'மண்ணில் மைக்கோரைசா எவ்வளவு இருக்கிறது' என்று எழுதாமல், மண்ணில் மைக்கோரைசா பூஞ்சையின் வித்துகள் எவ்வளவு என்று எழுத வேண்டும். 'வாழை வேரில் மைக்கோரைசா உருவாகியிருக்கிறது' என்பது சரி. பேச்சில் 'மைக்கோரைசா போட்டேன்' என்பதை நான் திருத்துவதில்லை. எல்லாரும் அப்படித்தான் சொல்கிறோம். கட்டுரையிலும் பாக்கெட்டிலும் வந்தால் திருத்துவேன். சொல் சரியானால் வயலில் செய்யும் தவறுகளில் பாதி தானாகவே விழுந்துவிடும். ரைசோபியம், ரைசோம் இரண்டிலும் அதே 'ரைசா' ஒட்டிக்கொண்டிருப்பதால் மூன்றையும் குழப்புகிறவர்கள் உண்டு. ரைசோபியம் பயறு வேரில் முடிச்சுப் போட்டு வாழும் பாக்டீரியா. இஞ்சியும் மஞ்சளும் மண்ணுக்குள் ஓட்டும் கிழங்குத் தண்டு ரைசோம். மைக்கோரைசாவில் அந்த முடிச்சும் கிடையாது, காற்றிலிருந்து தழைச்சத்தை (நைட்ரஜனை) இழுத்துக் கட்டும் வேலையும் கிடையாது.

'வேம்' எங்கிருந்து வந்தது? வெசிகுலர் ஆர்பஸ்குலர் மைக்கோரைசா என்பதன் முதலெழுத்துகள். வெசிகிள் என்பது வேருக்குள் பூஞ்சை கட்டும் சிறு பை. ஆர்பஸ்கூல் என்பது லத்தீனில் சின்ன மரம். ஜைகாஸ்போரா போன்ற சில இனங்கள் வேருக்குள் பை கட்டுவதே இல்லை என்று தெரிந்ததும் முன்னாலிருந்த 'வி'யை எடுத்துவிட்டார்கள். இப்போது ஏஎம் என்றுதான் எழுதுகிறார்கள். கடையில் வேம் என்றே கேளுங்கள், இல்லையென்றால் கிடைக்காது.

அந்தச் சின்ன மரத்தை நான் ஒருமுறை நேரில் பார்த்திருக்கிறேன். நாகர்கோவிலில் கல்லூரியில் படிக்கும்போது, மெல்லிய வேர்த்துண்டுகளைப் பொட்டாசியம் ஹைட்ராக்சைடில் சூடாக்கி, நிறம் போனதும் கழுவி, அமிலத்தில் நனைத்து, ட்ரைபன் நீலத்தில் போட்டு எடுத்தோம். முதல் நாலைந்து துண்டுகளில் ஒன்றுமில்லை. பிறகு ஒன்றில், செல்களுக்கு நடுவே ஒரு நீல நூல் ஓடிக்கொண்டே வந்து ஒரு செல்லுக்குள் திரும்பியது. உள்ளே கிளை, கிளைக்குள் கிளை. தை மாசத்தில் இலை முழுக்க உதிர்த்து நிற்கும் ரப்பர் மரத்தை ஒரு செல்லுக்குள் அடங்கும்படி சுருக்கினால் எப்படி இருக்குமோ அப்படி. கொடுக்கல் வாங்கல் நடக்கும் இடம் அதுதான். ஸ்காட்லாந்தின் ரைனி பாறைகளில், சுமார் 40 கோடி ஆண்டுகளுக்கு முந்தைய செடிகளுக்குள்ளும் இதே புதர் பதிந்திருக்கிறது. வேர் என்ற உறுப்பே சரியாக வந்திராத செடிகள் அவை.

இவ்வளவு மெனக்கெட்டால்தான் கண்ணுக்குத் தெரியும் என்பதால், அடுத்த தவறு சுலபமாக நடக்கிறது. ரப்பர் தோட்டத்தில் சருகைக் கிளறினால் வெள்ளை நூல்கள் படர்ந்திருக்கும். அதைப் படமெடுத்து 'எங்கள் மண்ணில் மைக்கோரைசா' என்று அனுப்புகிறார்கள். அது பெரும்பாலும் சருகை மக்க வைக்கும் பூஞ்சை. அதுவும் நல்ல வேலைதான், வேறு வேலை. வேரின்மேல் வெள்ளையாக நூல் கட்டிப் பட்டை இளகியிருந்தால் சந்தோஷப்படாதீர்கள், அது அழுகல் நோயாக இருக்கலாம். மழைக்குப் பிறகு புற்றில் முளைக்கும் காளான் கறையானோடு கூட்டு வைத்தது, வேரோடு அல்ல. இணையத்தில் மைக்கோரைசா என்று தேடினால் வரும், வேர்நுனியில் வெள்ளை உறை போட்டதுபோன்ற படங்கள் பெரும்பாலும் பைன் போன்ற மரங்களுடையவை. ஃபிராங்க் பார்த்ததும் அந்த வகைதான். பூஞ்சை வெளியே போர்த்திக்கொள்ளும். வாழை, தென்னை, ரப்பர், நல்லமிளகு, மரச்சீனி (மரவள்ளி) எல்லாவற்றிலும் இருப்பது உள்ளே புகும் வகை. அது காளானாகவும் முளைக்காது.

மைக்கோரைசா பூஞ்சையை உரம் என்று நினைப்பதுதான் காசு கரையும் இடம். 'உயிர் உரம்' என்ற பட்டியலில் வைத்திருப்பதும் அதற்கு ஒரு காரணம். பூஞ்சை தன் வீட்டிலிருந்து எதையும் கொண்டுவந்து கொடுப்பதில்லை, அது சுமை தூக்கும் கூலியாள்.

கல்குளம், விளவங்கோடு பக்கத்துச் செம்மண்ணையும் சரளையையும் நினைத்துக்கொள்ளுங்கள். புளிப்பு மண். நாம் போடும் மணிச்சத்தை (பாஸ்பரஸை) இரும்பும் அலுமினியமும் பிடித்துக்கொள்கின்றன. மணிச்சத்து மண்ணில் மிக மெதுவாக நகரும் சத்து. வேர் தன்னைச் சுற்றி ஒன்றிரண்டு மில்லிமீட்டரில் உள்ளதை உறிஞ்சிவிட்டால் அப்புறம் பசிதான். பூஞ்சையின் இழை வேர்த்தூவியைவிட மெல்லியது. வேர் நுழைய முடியாத இடுக்கில் புகுந்து, சில சென்டிமீட்டர் தள்ளியிருப்பதையும் இழுத்துவரும். துத்தநாகமும் தாமிரமும்கூட அப்படி வரும். கூலியும் குறைவில்லை: செடி தான் சமைக்கும் சர்க்கரையில் 4 முதல் 20 சதவீதம்வரை பூஞ்சைக்குக் கொடுக்கிறது.

குழியில் சூப்பர் பாஸ்பேட்டை அள்ளிப் போட்டு, அதன்மேல் இந்தப் பாக்கெட்டையும் பிரிப்பவர்கள் இந்தக் கூலிக் கணக்கை மறந்துவிடுகிறார்கள். வாசலிலேயே மணிச்சத்து கொட்டிக் கிடந்தால் செடி கூலியாளை உள்ளே விடாது. வேரில் பூஞ்சை குடியேறுவது குறைந்துபோகும். மணிச்சத்து கட்டாயம் வேண்டுமென்றால், நம் புளிப்பு மண்ணில் மெதுவாகக் கரையும் ராக் பாஸ்பேட் இதற்குப் பொருத்தமான ஜோடி. போட்ட ஒரு வாரத்தில் இலை பச்சையாகவில்லையே என்று கேட்பதும் இதே குழப்பம். பூஞ்சை வேருக்குள் புகுந்து இழை விரிக்கவே சில வாரங்கள் ஆகும்.

மாமாவின் வாளிக்கு வருவோம். கார்பென்டாசிம் இந்தப் பூஞ்சைக்கு நன்றாகவே ஆகாது. மைக்கோரைசா இல்லாத செடி எப்படி வளர்கிறது என்று பார்க்க ஆராய்ச்சியாளர்கள் வேண்டுமென்றே மண்ணில் ஊற்றியது பெனோமில். கார்பென்டாசிம் அதன் நெருங்கிய உறவு. அதற்காக வாடல் நோய் வந்த விளையில் கன்று நேர்த்தியை விட்டுவிடுங்கள் என்று சொல்லமாட்டேன். மைக்கோரைசா வாடலுக்கு மருந்து அல்ல. கன்றை நேர்த்தி செய்து நட்டு, புது வேர் ஓடி, சில வாரம் கழித்து வேரோரம் மண்ணைக் கிளறிப் பூஞ்சையைப் போடலாம். ரப்பரில் மழைக்கால இலையுதிர்வைத் தடுக்க, மழைக்கு முன் போர்டோ என்னும் தாமிரக் கலவையை இலையில் அடிப்பது வேறு, தாமிர மருந்தை மூட்டில், அதாவது மரத்தின் அடியில், ஊற்றுவது வேறு என்பதையும் நினைவில் வையுங்கள். (அந்த இலையுதிர்வைக் கொண்டுவரும் பைட்டோப்தோராவையும் நாம் பூசணம் என்றே சொல்கிறோம். உண்மையில் அது பூஞ்சைக் குடும்பமே அல்ல, நீர்ப்பாசிகளுக்குத் தூரத்து உறவு. அது தனிக் கதை.) டிரைக்கோடெர்மாவும் வேமும் ஒன்று என்று சொல்லி ஒன்றுக்குப் பதில் மற்றதைத் தந்தாலும் வாங்காதீர்கள். டிரைக்கோடெர்மா நோய்ப் பூஞ்சைகளை அடக்குவது. அது வேருக்குள் சின்ன மரம் கட்டாது.

எங்கே போடுகிறோம் என்பதிலும் சறுக்கல் உண்டு. வித்து முளைத்ததும் அதற்கு உயிருள்ள வேர் தொடும் தூரத்தில் வேண்டும். இல்லையென்றால் கொஞ்சம் நீண்டு பார்த்துவிட்டு நின்றுபோகும். மேல்மண்ணில் தூவி வெயிலில் விடுவதும், தண்ணீரில் கலக்கி இலையில் அடிப்பதும் வீண். விதைக்கு இரண்டு மூன்று சென்டிமீட்டர் கீழே, அல்லது கன்றின் வேர் படும் இடத்தில் போட வேண்டும். பாக்கெட்டையும் நிழலில் வையுங்கள், உள்ளே இருப்பது உயிர்.

இன்னொன்று, எல்லாச் செடியும் இந்தச் சம்பந்தத்துக்குச் சம்மதிப்பதில்லை. முட்டைக்கோஸ், காலிஃபிளவர், முள்ளங்கி, கடுகுக் குடும்பம் கூட்டு வைக்காது. தண்டுக்கீரையும் பீட்ரூட்டும் பெரும்பாலும் அப்படியே. மாடியில் கீரைத் தொட்டிக்கு வேம் போடுகிறவர்கள் அந்தக் காசுக்கு நல்ல தொழுவுரம் வாங்கலாம். நாஞ்சில்நாட்டு வயலில் கன்னிப்பூ, கும்பப்பூ என்ற இரண்டு நெல் போகமும் தண்ணீர் கட்டி நடப்பதால் அங்கே இந்தப் பூஞ்சைக்கு மூச்சுமுட்டல். அதே வயலை மேடாக்கி வாழை வைத்தால் கதை மாறும். மண்ணில் வித்து குறைந்திருக்க வாய்ப்புண்டு, வெளியிலிருந்து போடுவதில் அர்த்தம் இருக்கிறது. திசு வளர்ப்பு வாழைக்கு இன்னும் அதிகம். அது கிருமியில்லாத குப்பியில் பிறந்தது, எந்தப் பூஞ்சையையும் பார்த்ததில்லை. நாற்றுப் பையில் இருக்கும்போதே சேர்த்துவிட வேண்டும். முப்பது வருஷத் தென்னை மூட்டில் பாக்கெட் பிரிப்பவர்களைப் பார்த்தால் எனக்குச் சிரிப்புதான் வரும். அதன் வேரில் பூஞ்சை அவர்களுக்கு முன்பே குடியேறியிருக்கும்.

மாமா அன்று பாக்கெட்டை மடித்து அலமாரியில் வைத்தார். "இத வாங்காம நாமளே உண்டாக்கலாமா?" என்று கேட்டார். உண்டாக்கலாம். இந்தப் பூஞ்சையை வேர் இல்லாமல் சட்டியில் காளான் வித்துபோல் பெருக்க முடியாது. மணலும் மண்ணும் கலந்த தொட்டியில் கொஞ்சம் பூஞ்சையைப் போட்டு, மக்காச்சோளம் விதைத்து, இரண்டு மூன்று மாதம் வளர்த்து, தண்ணீரை நிறுத்தி, தட்டையை வெட்டிவிட்டு, வேரைப் பொடிப்பொடியாக நறுக்கி அந்த மண்ணோடு கலந்தால் அதுதான் அடுத்த வருஷத்துப் பாக்கெட். நோய் வந்த வாழை மூட்டு மண்ணை மட்டும் இதற்கு எடுக்கக் கூடாது; வாடலும் நூற்புழுவும் சேர்ந்தே பெருகும்.

கிணற்றங்கரையில் உடைந்த தண்ணீர்த் தொட்டி ஒன்று கிடந்தது. இந்தத் தடவை போனபோது அதில் சோளம் இடுப்பளவு நின்றது. ரப்பர் பால் வெட்ட வந்தவர் எட்டிப் பார்த்து, "சோளமா அண்ணாச்சி போட்டிருக்கு, கதிரு ஒண்ணையும் காணல்லியே?" என்றார்.

"கதிருக்கில்ல ஓய்" என்றார் மாமா. "வேருக்குப் போட்டிருக்கேன்."