வெர்னர் சீமன்ஸ் கதையை முலாமில் தொடங்குங்கள்

ஐடிஐ எலக்ட்ரீஷியன் பிரிவுக்குப் புதிதாக வந்திருக்கும் ஆசிரியர்களுக்காக இதை எழுதுகிறேன். சீமன்ஸ் கம்பெனியைத் தொடங்கிய வெர்னர் சீமன்ஸ் வாழ்க்கையைச் சொல்ல ஒரு வகுப்பில் இருபது நிமிடம் கிடைத்தால் பெரிய விஷயம். ‘1816-இல் ஜெர்மனியில் லெந்தே என்ற ஊரில் பிறந்தார்’ என்று ஆரம்பித்தால் கடைசி பெஞ்ச் அப்போதே செல்போனை எடுத்துவிடும். சேலத்தில் அந்தக் கஷ்டம் நமக்கு வேண்டாம். செவ்வாய்ப்பேட்டை, சிவதாபுரம், பனங்காடு பக்கமிருந்து வரும் பிள்ளைகளில் வீட்டில் கொலுசு வேலை நடப்பவர்கள் ஒருசிலராவது இருப்பார்கள். “முலாம் போடுவதை யாருப்பா பார்த்திருக்கீங்க?” என்று கேளுங்கள். கை தூக்குகிறவனையே நாலு வரி பேச விடுங்கள்.

அப்புறம் சிறைக்கு வாருங்கள். அன்றைய ஜெர்மன் ராஜ்யமான பிரஷ்யாவின் பீரங்கிப் படையில் இளம் அதிகாரியாக இருந்த சீமன்ஸ், சக அதிகாரி ஒருவரின் துவந்த யுத்தத்தில் அவருக்குத் துணையாக நின்றதற்காக மாக்டபர்க் கோட்டையில் அடைக்கப்பட்டார். அறைக்குள்ளேயே ரசாயனப் பொருட்களை வரவழைத்து ஒரு சின்னச் சோதனைக்கூடம் அமைத்துக்கொண்டார். ஒரு ஜெர்மன் சில்வர் கரண்டியை பேட்டரியின் ஒரு முனையிலும் ஒரு தங்கக் காசை இன்னொரு முனையிலும் இணைத்துக் கரைசலில் இறக்கினார். சில நிமிடத்தில் கரண்டி தங்கமாக மின்னியது. இந்த நேரம் பார்த்து மன்னிப்பு உத்தரவு வந்து சேர்ந்தது. மனுஷன் சோதனை முடியும்வரை உள்ளேயே இருந்துகொள்கிறேனே என்று கேட்டார். கோட்டைத் தளபதி கடுப்பாகி வெளியே அனுப்பிவிட்டார். இந்த இடத்தில் வகுப்பு சிரிக்கும், சிரிக்கட்டும்.

சிரிப்பு அடங்கும் முன்பே செய்து காட்டுங்கள். பட்டறையில் ஓடும் சயனைடு கரைசல் பக்கமே போகாதீர்கள். கண்ணாடி டம்ளரில் தண்ணீர், அதில் கரையும் அளவுக்கு மயில்துத்தம் (காப்பர் சல்பேட்), ஒரு பித்தளைச் சாவி, ஒரு செம்புத் தகடு, 1.5 வோல்ட் செல் ஒன்று. இவ்வளவு போதும். சாவியைப் புளி போட்டு நன்றாகத் தேய்த்துக் கழுவியபின் விரல் படாமல் கம்பியில் கட்டுங்கள். எண்ணெய்ப் பிசுக்கு இருந்த இடத்தில் செம்பு ஒட்டாமல் திட்டுத் திட்டாக நிற்கும். சாவி நெகட்டிவ், தகடு பாசிட்டிவ். சீக்கிரம் முடியட்டும் என்று 9 வோல்ட் பேட்டரியை வைத்தால் கறுப்பாக மாவு மாதிரி படிந்து, துடைத்தால் கையோடு வந்துவிடும். பொறுமையாக விட்டால் மஞ்சள் சாவி மெல்லச் சிவப்பதைப் பிள்ளைகள் கண்ணாலேயே பார்க்கலாம்.

சாவி ஊறும் நேரத்தில் பணக்கதையைச் சொல்லுங்கள். அப்பா குத்தகை விவசாயி, வீடு நிறையப் பிள்ளைகள், கல்லூரிக்கு அனுப்பக் காசில்லை. பட்டாளத்தில் சேர்ந்தால் பெர்லின் பீரங்கிப் பள்ளியில் கணக்கும் இயற்பியலும் வேதியியலும் கற்றுத் தருவார்கள் என்பதால்தான் இராணுவத்துக்கே போனார். பெற்றோர் போனபின் தம்பிகளின் பொறுப்பும் இவர் தலையில் விழுந்தது. முலாம் முறைக்கு 1842-இல் காப்புரிமை கிடைத்தது. தம்பி வில்ஹெல்ம் அதை இங்கிலாந்துக்குக் கொண்டுபோய் முலாம் தொழில் செய்த எல்கிங்டன் கம்பெனிக்கு 1,500 பவுண்டுக்கு விற்றுவிட்டு வந்தார்.

என் வகுப்பில் தவறாமல் வரும் கேள்வி: “வேலையை விட்டுட்டா சார் கம்பெனி ஆரம்பிச்சாரு?” இல்லை. 1847 அக்டோபரில் மெக்கானிக் ஹால்ஸ்கேயோடு சேர்ந்து பெர்லினில் ஒரு கொல்லைப்புறக் கட்டடத்தில் தந்திக்கருவிப் பட்டறை போட்டார். முதலீடு போட்டது உறவினர் ஒருவர். இராணுவத்தை விட்டது 1849-இல்தான். அதற்குள் பெர்லின்–பிராங்க்பர்ட் தந்திப் பாதை ஆர்டர் கைக்கு வந்துவிட்டது. இதைக் கொஞ்சம் அழுத்திச் சொல்லுங்கள். படிப்பு முடிந்த கையோடு கடனை வாங்கிக் கடை போடத் துடிப்பவன் ஒவ்வொரு பேட்சிலும் ஒருவன் இருக்கிறான்.

1870-இல் லண்டன்–கல்கத்தா தந்திப் பாதை திறந்ததை ஒரு வரியில் முடிக்கலாம். தெஹ்ரான் வரையில்தான் சீமன்ஸ் சகோதரர்கள் போட்டது. அதற்கப்பால் ஏற்கெனவே இருந்த பாதை.

டைனமோவுக்கு மட்டும் நேரம் ஒதுக்குங்கள். சைக்கிள் டைனமோவைக் கொண்டுவந்து காட்டாதீர்கள், அதில் இருப்பது நிரந்தரக் காந்தம். சீமன்ஸ் கண்டது வேறு: இரும்பில் மிச்சமிருக்கும் துளிக் காந்தமே சிறு மின்சாரத்தை எழுப்பும், அந்த மின்சாரம் இரும்பைச் சுற்றியுள்ள ஃபீல்டு காயிலில் ஓடிக் காந்தத்தைப் பெருக்கும், பெருகிய காந்தம் இன்னும் அதிக மின்சாரத்தைத் தரும். ஒர்க்‌ஷாப் மூலையில் பழைய டிசி ஷன்ட் ஜெனரேட்டர் கிடந்தால் அதுதான் சரியான சாமான். ரொம்ப நாள் ஓடாமல் கிடந்தால் அந்த மிச்சக் காந்தம் போய், சுற்றிவிட்டாலும் வோல்ட் ஏறாமல் போகலாம். மிஷினை நிறுத்தி, ஃபீல்டு இணைப்பைக் கழற்றி, முனை மாறாமல் பேட்டரியால் ஒரு தடவை ஃப்ளாஷ் செய்து (கொஞ்ச நேரம் காயிலுக்கு மின்சாரம் கொடுத்து), திரும்ப மாட்டி ஓட்டினால் மீட்டர் முள் எழும். 1867 ஜனவரியில் பெர்லின் அகாடமியில் வாசிக்கப்பட்ட அவர் கட்டுரையின் சாரமே அந்த முள்தான். அடுத்த மாதம் லண்டன் ராயல் சொசைட்டியில் தம்பி இதைப் படித்த அதே கூட்டத்தில் ஆங்கிலேய இயற்பியலாளர் வீட்ஸ்டோனும் இதே தத்துவத்தைச் சொன்னார் என்பதையும் மறைக்காதீர்கள்.

மணி அடிக்கும்போது சாவி தயாராக இருக்கும். கழுவித் துடைத்து, முலாம் பற்றிப் பேசியவனிடமே கொடுத்துவிடுங்கள். மயில்துத்தக் கரைசலை மட்டும் வாஷ்பேசினிலோ செடியிலோ ஊற்ற விடாதீர்கள். பாட்டிலில் அடைத்து ‘விஷம்’ என்று எழுதி ஒட்டிப் பூட்டி வைத்தால் அடுத்த பேட்சுக்கும் ஆகும்.