பழைய அனிமேஷன் ஓவியரின் பெட்டியைத் திறக்கும்போது

முதலில் மோந்து பாருங்கள். வினிகர் வாடை அடித்தால் உள்ளே இருக்கும் அசிட்டேட் (ஒருவகை பிளாஸ்டிக்) ஃபிலிமோ, ஓவியம் தீட்டும் கண்ணாடி போன்ற ‘செல்’ தகடோ சிதையத் தொடங்கிவிட்டது. அந்த ஆவி பக்கத்தில் இருப்பதையும் கெடுக்கும்; தனியே எடுத்து வையுங்கள். 1950களின் தொடக்கத்துக்கு முந்தைய 35 எம்.எம். சுருள், எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் ஃபிலிமாக இருக்கலாம். அது தீப்பிடித்தால் தண்ணீர் ஊற்றினாலும் அணையாது. ஓட்டிப் பார்க்கும் ஆசையை விட்டுவிட்டு, திரைப்படக் காப்பகம் ஒன்றைக் கூப்பிடுங்கள்.

செல்லோடு ஒட்டிக்கொண்ட தாளை மட்டும் இழுக்கவே கூடாது. ஓய்வுபெற்ற ஓவியர் ஒருவருக்குப் பெட்டியை ஒழுங்குபடுத்தப் போன முதல் நாளே நான் இழுத்தேன். முயலின் காது அப்படியே தாளோடு வந்துவிட்டது. “போகட்டும், முகம் இருக்குல்ல” என்றார் அவர். எனக்கு இன்னும் ஆறவில்லை. ஒட்டியிருந்தால் அப்படியே விட்டு, பாதுகாப்பு வல்லுநரிடம் காட்டுங்கள். லேமினேஷன், செலோ டேப் இரண்டும் வேண்டாம். காற்றே புகாத பிளாஸ்டிக் உறையும் வேண்டாம். குளிர்ச்சியான, ஈரமில்லாத, இருட்டான இடம் போதும்.

ஸ்கேன் செய்யும்போது பலரும் படத்தை மட்டும் வெட்டி எடுத்து, ஓரத்தை விட்டுவிடுகிறார்கள். பாதிக் கதை ஓரத்தில்தான் இருக்கிறது: ஒரு படத்தின் மேல் அடுத்ததைப் பிசகாமல் பொருத்த உதவிய பெக் துளைகள், காட்சி எண், பென்சிலில் கிறுக்கிய வண்ணக் குறிப்பு. பின்பக்கத்தையும் எடுங்கள். வழக்கமாகக் கோடு முன்னால் இருக்கும், வண்ணம் பின்னால் பூசியிருக்கும். தூரிகை போன தடம் அங்கேதான் தெரியும். 600 டிபிஐ (அங்குலத்துக்கு 600 புள்ளிகள்), தரம் குறையாத டிஃப் கோப்பு, மூன்று பிரதிகள், அதில் ஒன்று வேறு வீட்டில். கோடுகளை மென்பொருளில் ‘சுத்தம்’ செய்து அதையே மூலம் என்று வைத்துவிடாதீர்கள். அந்த நடுக்கமும் அவருடைய கைதான்.

அப்புறம் பேட்டி. “உங்கள் அனுபவம் எப்படி?” என்று கேட்டால் “நல்லா இருந்தது” என்பதோடு முடிந்துவிடும். ஒரு படத்தை முன்னால் வைத்து, “இந்தக் கோட்டை ஏன் இங்கே முறிச்சீங்க?” என்று கேளுங்கள். நான் அப்படிக் கேட்டதும் அவர் கோட்டை விட்டுவிட்டு, பக்கத்து மேசையில் வண்ணம் பூசிய பெண்மணியைப் பற்றி ஒரு மணி நேரம் பேசினார். டைட்டில் கார்டில் அந்தப் பெயர் இல்லை. பல ஸ்டுடியோக்களில் மையிட்டு வண்ணம் பூசியவர்களில் பெரும்பாலோர் பெண்கள். திரையில் பெயர் வந்தவர்கள் சிலர்தான். பெயர் வந்தாலும் செய்த வேலை முழுதாகத் தெரியாது: டிஸ்னியில் வேலை பார்த்த ஓவியர் டைரஸ் வாங்கையே பாருங்கள். 1942இல் வந்த ‘பேம்பி’ அனிமேஷன் படத்தின் காடு அவர் ஓவியங்களிலிருந்து பிறந்தது, டைட்டிலிலோ பின்னணி ஓவியர்களில் ஒருவர், அவ்வளவுதான். 2001இல்தான் டிஸ்னி அவருக்கு ‘லெஜண்ட்’ என்ற தன் கௌரவத்தைக் கொடுத்தது. அப்போது அவர் தொண்ணூறைத் தொட்டிருந்தார்.

அதனால் பெயர்ப் பட்டியலை முதல் நாளே தொடங்குங்கள். யார் சொன்னது, எந்தத் தேதியில் சொன்னது என்று பக்கத்திலேயே எழுதுங்கள். ஊகமாக இருந்தால் ‘இருக்கலாம்’ என்று போடுங்கள்.

வெளியே பகிரும்போது ஒரு சமயத்தில் ஒரு படம், அதோடு வரைந்தவர் பெயர், அந்தக் காட்சியில் அவர் செய்த வேலை. ஐம்பது படங்களை மொத்தமாகக் கொட்டினால் யாரும் நின்று பார்ப்பதில்லை. ஒன்று: செல் உங்கள் கையில் இருப்பதால் அதன் பதிப்புரிமை உங்களுடையது ஆகிவிடாது. திரையிடும் முன்போ அச்சிடும் முன்போ உரிமையாளரிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள்; குடும்பத்தாரிடமும் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள்.