முதல் கிளாஸுக்கு ஒரு பூச்சந்தை
பைத்தான் 3 என்ற நிரல்மொழியில் கிளாஸ் (ஒரே வகைப் பொருள்களுக்கான பொது வார்ப்பு) பழகுகிறவர்கள் தோவாளைப் பூச்சந்தையையே உதாரணமாக எடுத்துக்கொள்ளலாம். ‘பூ’ என்பது கிளாஸ். பிச்சி, அரளி ஒவ்வொன்றும் அதன் ஆப்ஜெக்ட், அதாவது அந்த வார்ப்பில் உருவான தனிப் பொருள். பெயரும் கிலோ விலையும் தரவு. எடையைக் கொடுத்தால் தொகையைத் தருவது மெத்தட். தமிழிலேயே பெயரிடலாம், பைத்தான் 3 ஏற்றுக்கொள்ளும். ஒரு கிளாஸிலிருந்து இன்னொன்றை உருவாக்கும் இன்ஹெரிட்டன்ஸ் பக்கம் இப்போது போகவே வேண்டாம்.

பலர் சறுக்கும் இடம் வேறு. விற்பனையைக் குறித்துவைக்கும் வெற்று லிஸ்டை கிளாஸுக்குள் நேரடியாக எழுதினால், எல்லாப் பூக்களுக்கும் அந்த ஒரே லிஸ்ட்தான். பிச்சியில் சேர்த்த 3 கிலோ அரளியின் கணக்கிலும் நிற்கும். ஒவ்வொரு ஆப்ஜெக்ட் உருவாகும்போதும் இயங்கும் ‘இனிட்’ (__init__) மெத்தடுக்குள் ‘செல்ஃப்.விற்பனை = []’ என்று எழுதுங்கள், கணக்கு பிரிந்துவிடும். ‘செல்ஃப்’ (self) என்பது அந்தந்த ஆப்ஜெக்ட்.

மெத்தடின் அடைப்புக்குறிக்குள் ‘செல்ஃப்’ விடுபட்டால், ஒரு மதிப்பைக் கொடுத்தாலும் இரண்டு கொடுத்ததாக டைப்எரர் (TypeError) என்ற பிழைச்செய்தி வரும். அந்த இன்னொன்று, ஆப்ஜெக்ட்தான்.