காலம், மொழி, மெய்ம்மை: சொந்தமாகக் கொள்கை கட்டுவோர் சறுக்கும் இடங்கள்

கொடைக்கானல் பனிமூட்டத்தில் நாலு நாள் நடந்தால் யாருக்கும் ஒரு தத்துவம் தோன்றிவிடும். கோக்கர்ஸ் வாக்கில் நிற்கும்போதே எதிரே இருந்த பள்ளத்தாக்கு காணாமல் போகிறது; உடனே மனம் கிளம்பிவிடுகிறது. இங்குள்ள டீக்கடை பெஞ்சுகளில் அப்படிப் பிறந்த கொள்கைகள் பலவற்றைக் கேட்டிருக்கிறேன். பெரும்பாலும் காலம், மொழி, மெய்ம்மை மூன்றையும் ஒன்றாக முடிச்சுப் போடுபவை. அதில் தப்பே இல்லை. ஆனால் எல்லாரும் ஏறக்குறைய ஒரே இடங்களில்தான் சறுக்குகிறார்கள்.

பேச வசதியாக நாமே ஒன்றை இட்டுக்கட்டுவோம். உலகில் எதுவும் தானாக முடிவதில்லை. யாராவது இறந்தகாலத்தில் அதைச் சொல்லும்போதுதான் நடந்து முடிந்ததாகிறது. 'சொல்முற்றுக் கொள்கை' என்று பெயரும் வைத்துவிடலாம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது.

முதல் சறுக்கல், வினைச்சொல் காட்டும் காலத்தையே நிகழ்வின் காலமாக எடுத்துக்கொள்வது. பூம்பாறையிலிருந்து ஜீப் வரவேண்டும். போன் போட்டால், "இதோ வந்துட்டேண்ணே" என்கிறார் டிரைவர். பின்னால் சேவல் கூவுகிறது, பூண்டு மூட்டையை ஏற்றச் சொல்லி யாரோ சத்தம் போடுகிறார்கள். ஆள் இன்னும் ஊரைவிட்டே கிளம்பவில்லை! நம் கொள்கைப்படி ஜீப் இந்நேரம் வாசலில் நிற்க வேண்டும். இந்தப் பேச்சுவழக்கைத் தொல்காப்பியம் சொல்லதிகாரத்திலேயே கவனித்திருக்கிறது: விரைவைக் காட்ட, வராத காலத்தையும் இறந்தகாலத்தில் சொல்லலாம் என்கிறது. 1930களில் அமெரிக்க மொழியியலாளர் பெஞ்சமின் லீ வோர்ஃப், அங்குள்ள பழங்குடியினர் பேசும் ஹோப்பி மொழியில் காலத்தைக் குறிக்கும் சொல்லோ இலக்கண வடிவமோ இல்லை என்று எழுதி, அதன்மேல் ஒரு பெரிய உலகப்பார்வையையே எழுப்பினார். 1983இல் எக்கெஹார்ட் மாலோட்கி அம்மொழியில் காலம் சுட்டும் வடிவங்களைத் தேடித்தேடித் தொகுத்து ஒரு தடித்த நூலே போட்டுவிட்டார்.

தொல்காப்பியத்தைச் சாட்சிக்கு அழைத்தேன் என்றதும் அடுத்த சறுக்கல் தயாராகிவிடும். "நிலமும் பொழுதும் முதற்பொருள் என்று அன்றே சொல்லிவிட்டார்களே, ஐன்ஸ்டைனுக்கு முன்பே!" என்பார்கள். அது பாட்டுக்கான இலக்கணம். குறிஞ்சித் திணைக்குப் பெரும்பொழுது கூதிரும் முன்பனியும், அதாவது ஐப்பசி முதல் தை வரை. இந்த மலையில் 12 ஆண்டுக்கு ஒருமுறை, 2006இலும் 2018இலும் பார்த்தோமே, அந்த நீலக்குறிஞ்சி கொத்தாகப் பூப்பது பெரும்பாலும் ஆடியிலிருந்து புரட்டாசிக்குள். பாட்டின் பொழுது வேறு, செடியின் பொழுது வேறு. அதனால் பாட்டுக்கு ஒரு குறையும் இல்லை.

இயற்பியலைக் கடன் வாங்குவதும் இதே வகைதான். சூரிய ஒளி நம்மிடம் வர 8 நிமிடத்துக்குச் சற்று அதிகமாகிறது. "ஆகவே கடந்தகாலம் இப்போதும் இருக்கிறது" என்று தாவிவிடுவார்கள். தாமதமாக வந்தது ஒளி மட்டும்தான்.

இதையெல்லாம்கூட மன்னிக்கலாம். பெரிய தவறு, எது நடந்தாலும் பொருந்திப்போகும்படி கொள்கையை அமைப்பது. பேரிஜம் பக்கம் சோலைக்காட்டில் ஒரு மரம் விழுகிறது, யாரும் பார்க்கவில்லை. சில மாதம் கழித்து அதில் காளான் பூத்திருப்பதை வனக்காவலர் பார்க்கிறார். 'சொல்லாமலேயே முடிந்துவிட்டதே' என்று கேட்டால், "அவர் வந்து சொன்னார், அந்த நொடியில்தான் அது பின்னோக்கி நடந்து முடிந்ததாகியது" என்று பதில் வரும். எதைக் காட்டினாலும் கொள்கைக்குக் காயம் படாது. கட்டியவர் இதையே பலம் என்று நினைத்துக்கொள்கிறார்.

இங்கேயே இருக்கும் சூரிய ஆய்வகத்தில் ஜான் எவர்ஷெட் 1909இல் என்ன செய்தார் என்று பாருங்கள். சூரியப்புள்ளியின், அதாவது சூரியன்மேல் தெரியும் கரும்புள்ளியின், ஒளியை நிறம் நிறமாகப் பிரித்துப் பார்த்தபோது, நிறமாலையில் உள்ள கருங்கோடுகள் புள்ளியின் ஒரு பக்கம் சிவப்பை நோக்கியும் மறுபக்கம் நீலத்தை நோக்கியும் நகர்ந்திருந்தன. வாயு நம்மை நோக்கி வந்தால் கோடு நீலப்பக்கமும், விலகிப் போனால் சிவப்புப்பக்கமும் நகரும்; ஆகவே புள்ளியின் நடுவிலிருந்து வாயு வெளிநோக்கிப் பாய்கிறது என்று விளக்கினார். அப்படியானால், புள்ளி சூரிய வட்டின் மையத்துக்கு வரும்போது ஓட்டம் நம் பார்வைக்குக் குறுக்காகிவிடும், நகர்வு தெரியக்கூடாது. வாயு சுழல்கிறது என்றால் நகர்வு வேறு திசையில் தெரியும். ஆக, எங்கே என்ன தெரியக்கூடாது என்பதையும் அந்த விளக்கம் சேர்த்தே சொல்லிவிட்டது. அது தெரிந்திருந்தால் விளக்கம் செத்தது. நம் சொல்முற்றுக் கொள்கையிடம் அப்படி ஒரு 'கூடாது' கேட்டுப் பாருங்கள், மழுப்பும்.

அதற்காகத் தூக்கி எறிய வேண்டாம், எல்லையைக் குறைத்தால் போதும். மலைப்பூண்டு விற்க வடுகபட்டிச் சந்தைக்குப் போகிறோம். விலை பேசி, "சரி, முடிச்சுக்கலாம்" என்றதும் வியாபாரம் முடிந்தது. மூட்டை இன்னும் இறங்கவில்லை, பணம் எண்ணவில்லை. சொல்லே செயலாகும் இத்தகைய பேச்சைப் பற்றி ஆங்கிலேயத் தத்துவ அறிஞர் ஜே.எல். ஆஸ்டின் 1955இல் ஹார்வர்டில் தொடர் உரையே நிகழ்த்தினார். வியாபாரம், கல்யாண நிச்சயம், பஞ்சாயத்துத் தீர்ப்பு என்ற அளவுக்குச் சுருக்கிக்கொண்டால் கொள்கைக்கு நிஜமாகவே வேலை இருக்கிறது. வாக்குக் கொடுத்தவர் மறுநாள் இல்லையென்று சொன்னால் நேற்று விற்பனை நடந்ததா, நடக்கவில்லையா என்பதிலிருந்தே தொடங்கலாம்.