பிறேக் பூஸ்டரைக் கழற்றுகிறவர்கள் விடும் பிழைகள்

பூஸ்டர் என்பது வக்கியூமால், அதாவது உறிஞ்சும் வெற்றிடத்தால், காலின் மிதிக்குப் பலம் சேர்க்கும் வட்டப் பெட்டி. அதைக் கழற்றுவது பெரிய வேலை இல்லை. பெடலுக்கு மேலே, என்ஜினுக்கும் ஆளுக்கும் இடையிலுள்ள தகட்டுக்கு உட்பக்கம் நாலு நட். பெடலோடு றொட்டைச் சேர்க்கும் ஒரு பின். வெளியே, மிதியைப் பிறேக் ஒயிலின் அமுக்கமாக்கும் மாஸ்டர் சிலிண்டரின் இரண்டு நட், ஒரு வக்கியூம் குழாய். பழகிய கைக்கு ஒரு மணித்தியாலம் போதும். அதனால்தான் இப்போது கராஜுக்கே வராமல் வீட்டு முற்றத்தில், மாமரத்துக்குக் கீழே நடக்கிறது. ஜப்பான் பிறேக் ஏற்றிய பழைய ஒஸ்டின் கேம்பிறிட்ஜ் காருக்கு ஜப்பான் என்ஜினும் ஏற்றுகிறார்கள், காபரேட்டர் பூஸ்டரில் இடிக்கிறது, பூஸ்டர் போகிறது. பூஸ்டருக்குள் இருக்கும் ரப்பர்த் தட்டு, டயபிறாம், கிழிந்து காற்று இழுக்கிறது, புதியது வாங்கக் கை கடிக்கிறது, பூஸ்டர் போகிறது. சில தம்பிமாருக்குப் பொனட்டைத் திறந்தால் உள்ளே துப்புரவாகத் தெரிய வேண்டும். அதற்காகவும் போகிறது.

கேட்டால் எல்லோரிடமும் ஒரே கேள்விதான்: “கால் கொஞ்சம் பாரமா இருக்கும், அவ்வளவுதானே அண்ணை?”

அவ்வளவு இல்லை தம்பி. பூஸ்டர் இருக்கிறது என்று கணக்குப் பார்த்துத்தான் காரைச் செய்தவன் பெடலின் நெம்பையும் (காலின் பலத்தைப் பெடல் எத்தனை மடங்காக்குகிறது என்பதையும்) மாஸ்டர் சிலிண்டரின் விட்டத்தையும் றொட்டின் நீளத்தையும் வைத்திருக்கிறான். அதை எடுத்தால் மற்ற மூன்றையும் திரும்ப அளந்தே ஆக வேண்டும். நாங்களும் ஒரு காலத்தில் இதே பிழைகளை விட்டுத்தான் பழகினோம், சரி. ஆனால் புதிதாக வருகிறவர்கள் அதே பிழைகளை அதே வரிசையில் விடுவதைப் பார்த்துக்கொண்டு பேசாமல் இருக்க முடியவில்லை. நட் இறுக்க மறந்தது, பைப்பில் காற்று எடுக்காமல் விட்டது போன்றவற்றை இங்கே எழுதவில்லை. அவற்றைக் கார் அன்றைக்கே சொல்லிவிடும்.

என்ஜினை நிறுத்திவிட்டு மிதித்துப் பார்த்து முடிவு எடுப்பது

நின்ற காரில் பெடல் கல்லுப்போல இருந்தால் பிறேக் நல்லது என்று ஒரு நம்பிக்கை இருக்கிறது. பெடல் இறுகுவது ஒயில் நகரவில்லை என்பதை மட்டும்தான் காட்டும். சில்லு நிற்குமா என்பது வேறு கதை. அதோடு, பூஸ்டர் உள்ள காரின் பெடலை என்ஜின் இல்லாமல் மிதிக்கும்போது, பூஸ்டருக்கென்று குறைத்து வைத்த நெம்போடுதான் மிதிக்கிறீர்கள். ஒழுங்காக மாற்றிய பூஸ்டர் இல்லாத பிறேக் அப்படி இருக்காது. ஆகவே “சமாளிக்கலாம்” என்கிறவரும் “ஐயோ, இது சரிவராது” என்கிறவரும் இரண்டு பேருமே பிழையான இடத்தில் நின்றுதான் தீர்ப்புச் சொல்கிறார்கள்.

பழைய மாஸ்டர் சிலிண்டரையே பூட்டுவது

இதைவிட மோசம், வான் வாகனம் ஒன்றில் இருந்து கழற்றிய பெரிய சிலிண்டரைக் கொழும்பு பஞ்சிகாவத்தைப் பழைய சாமான் கடைகளில் தேடி வாங்கிக்கொண்டு வருவது. பெரிய சிலிண்டர் என்றால் பெரிய பிறேக் என்ற நினைப்பு. நேர்மாறானது. கால் தரும் பலம் ஒன்றுதான். அது பரந்த பிஸ்டனில் விழுந்தால் அமுக்கம் குறையும், ஒடுங்கிய பிஸ்டனில் விழுந்தால் கூடும்.

கணக்குப் பாருங்கள். பூஸ்டர் உள்ள கார்களில் பெடலின் நெம்பு பெரும்பாலும் 4 மடங்கு அளவில் இருக்கும், பூஸ்டர் இல்லாதவற்றில் 6 மடங்கு அளவில். 25 கிலோ பலத்தில் மிதித்தால் 4 மடங்கு நெம்பில் பிஸ்டனுக்கு 100 கிலோ போகும். 1 அங்குலச் சிலிண்டரின் பரப்பு ஏறத்தாழ 5 சதுர சென்ரிமீற்றர். ஒரு சதுர சென்ரிமீற்றருக்கு 20 கிலோ. அதே காலுக்கு 6 மடங்கு நெம்பும் 7/8 அங்குலச் சிலிண்டரும் கொடுத்தால் 38 கிலோவைத் தாண்டும். கிட்டத்தட்ட இரட்டிப்பு. பதிலுக்குப் பெடலும் இரட்டிப்புத் தூரம் கீழே போகும், அதைத் தவிர்க்க முடியாது. ஆகவே பின் டிறம்முக்குள் விரிந்து உரசும் ஷூக்களை நன்றாகக் கிட்டவைத்து, காற்று ஒரு குமிழிகூட இல்லாமல் எடுத்திருக்க வேண்டும்.

“அந்தக் காலத்துக் கார் பூஸ்டர் இல்லாமல்தானே நின்றது?” என்று கேட்பார்கள். நின்றதுதான். மொறிஸ் மைனருக்கு நாலு சில்லுக்கும் டிறம். முன் டிறம்மில் இரண்டு ஷூவையும் சுழலும் டிறம்மே தன்பக்கம் இழுத்துக்கொள்ளும், பாதி வேலையை அது செய்துவிடும். டிஸ்க்குக்கு அந்த இழுவை இல்லை. முழு அமுக்கத்தையும் நீங்கள்தான் கொடுக்க வேண்டும். முன்னுக்கு ஜப்பான் டிஸ்க் பூட்டிவிட்டு மொறிஸ் மைனரின் கதை கதைக்கக்கூடாது.

பெடலை வெட்டி ஒட்டி நீட்டுவது

வேண்டாம்.

துளையை மட்டும் மேலே ஏற்றுவது

நெம்பைக் கூட்ட, பெடலில் றொட் பூட்டும் துளையைச் சுழல் அச்சுக்குக் கிட்டக் கொண்டுபோக வேண்டும். அச்சிலிருந்து மிதிக்கும் இடம் 30 சென்ரிமீற்றர் என்றால், துளை 7.5-இல் இருக்கும்போது 4 மடங்கு, 5-இல் இருக்கும்போது 6 மடங்கு. அதாவது இரண்டரை சென்ரிமீற்றர் மேலே. துளையை ஏற்றினால் மாஸ்டர் சிலிண்டரையும் அதே அளவுக்கு ஏற்ற வேண்டும். இல்லாவிட்டால் றொட் சாய்ந்து நின்று பிஸ்டனை ஒரு பக்கமாகத் தள்ளும், சிலிண்டர் அந்தப் பக்கம் தேயும், சில மாதங்களில் ஒயில் உள்ளுக்குள் கசியும்.

றொட்டில் ஆட்டம் விடாதது

எனக்கு இன்றைக்கும் கோபம் வரவைக்கும் பிழை இது. செய்கிறவருக்கு இது பிழையாகத் தெரியாது, கெட்டித்தனமாகத் தெரியும்.

முன்னுக்கு ஜப்பான் டிஸ்க்கும் பூஸ்டரும் ஏற்றிய ஒரு கேம்பிறிட்ஜ். கோண்டாவில் பக்கம், மகன்காரன் வீட்டிலேயே பூஸ்டரைக் கழற்றி, கடைசல் பட்டறையில் றொட் ஒன்று செய்வித்துப் பூட்டியிருக்கிறான். பலாலி வீதியில் ஓடிப் பார்த்தபோது அருமை, “தொட்டவுடனே பிடிக்குது.” ஒரு கலியாணத்துக்குக் குடும்பமாகக் கிளிநொச்சிக்கு வெளிக்கிட்டார்கள். பளை தாண்டக் கார் இழுக்கவில்லை. கியரைக் குறைத்து ஓட்டியிருக்கிறார்கள். ஆனையிறவில் கருகிய மணம், முன் சில்லு இரண்டிலும் புகை. இறங்கி நின்றார்கள். கடல்நீரேரிக் காற்றில் சில்லு ஆறியதும் கார் தானாக உருண்டது. சந்தோஷமாக ஏறினார்கள், பரந்தனில் திரும்பவும் புகை.

என்னிடம் வருவதற்குள் டிஸ்க்கைப் பிடிக்கும் கலிப்பர் இரண்டும் மாற்றியாயிற்று, டிஸ்க்கில் உரசும் பாட் மாற்றியாயிற்று, ஹோஸ் மாற்றியாயிற்று. கிறீஸ் உருகி ஓடியதால் ஒரு பெயரிங்கும் போயிருந்தது. ஒவ்வொரு முறையும் ஒரு புதிய சாமான், ஒவ்வொரு முறையும் திரும்பப் புகை. றொட்டை மட்டும் ஒருவரும் பார்க்கவில்லை. “தம்பி, உந்த றொட்டை ஆர் நீட்டினது?” என்று கேட்டேன். “நான்தான் அண்ணை, பெடல் மேலேயே பிடிக்கட்டும் எண்டு” என்றான். லொக் நட்டைத் தளர்த்தி றொட்டை ஒரு சுற்று உள்ளே விட்டதும் வருத்தம் போய்விட்டது. அந்தப் பழைய கலிப்பர்களில் ஒரு குறையும் இருந்திருக்காது.

நடப்பது இதுதான். மாஸ்டர் சிலிண்டரின் பிஸ்டன் முழுவதும் பின்னுக்கு வந்து நிற்கும்போது, அதன் ரப்பருக்குச் சற்று முன்னால் ஊசி முனை அளவில் ஒரு துளை திறந்திருக்கும். சூடாகி விரியும் ஒயில் அந்தத் துளை வழியாகத்தான் மேலே பிறேக் ஒயில் டாங்கிக்குத் திரும்பும். றொட் நீளமாக இருந்து பிஸ்டனை ஒரு மில்லிமீற்றர் முன்னுக்குத் தள்ளி வைத்திருந்தால் போதும், ரப்பர் அந்தத் துளையை மூடிவிடும். அதன்பிறகு விரியும் ஒயிலுக்குப் போக வழியில்லை, பாட்டைத் தள்ளும். பாட் உரச இன்னும் சூடு, இன்னும் விரிவு, இன்னும் உரசல். ஆறினால் ஒயில் சுருங்கி எல்லாம் விட்டுவிடும். கராஜில் வந்து நிற்கும்போது காரில் ஒரு குற்றமும் தெரியாது. ஊருக்குள் நாலு கட்டை தூரம் ஓடினாலும் தெரியாது.

பூஸ்டரைக் கழற்றும்போது இது ஏன் அதிகம் வருகிறது? பூஸ்டருக்குள்ளே ஒரு ஸ்பிறிங்கும் அளந்து வைத்த ஒரு குட்டி றொட்டும் இருக்கும், அந்த இடைவெளியை அவை பார்த்துக்கொள்ளும். அதை எடுத்தால் இடைவெளி உங்கள் கையில். இன்னொன்று, பிறேக் லைற் சுவிட்ச். பெடல் பின்னுக்கு வந்து அதில்தான் சாய்ந்து நிற்கும். சுவிட்ச் ஓரிரு மரை அதிகமாக உள்ளே வந்திருந்தால் பெடல் முழுவதும் திரும்பாது. றொட்டைச் சரியாக அளந்து செய்தவரையும் இது கவிழ்க்கும்.

றொட் முனைக்கும் பிஸ்டனுக்கும் இடையில் ஒரு மில்லிமீற்றர் அளவு ஆட்டம் வேண்டும். 6 மடங்கு நெம்பில் அது மிதிக்கும் இடத்தில் 6 மில்லிமீற்றராகத் தெரியும். காலால் பார்க்காதீர்கள், குனிந்து விரலால் தள்ளிப் பாருங்கள். முதல் 6 மில்லிமீற்றர் வெறுமையாக வர வேண்டும். பிறகு டாங்கி மூடியைத் திறந்து, உள்ளே டோர்ச் அடித்துக்கொண்டு, ஒருவரை மெல்ல மிதிக்கச் சொல்லுங்கள். மிதிக்கத் தொடங்கும் அந்தக் கணத்தில் ஒயிலுக்குள் சின்ன ஊற்று ஒன்று கிளம்பினால் துளை திறந்திருக்கிறது. ஒன்றும் அசையாவிட்டால் துளை மூடியிருக்கிறது. முகத்தைக் கிட்ட வைக்காதீர்கள், கண்ணில் தெறிக்கும். பெயின்ரில் பட்டால் பெயின்ரையும் உரிக்கும்.

வழியில் மாட்டிக்கொண்டால், சூடான சில்லில் கை வைக்காமல் மாஸ்டர் சிலிண்டரின் இரண்டு நட்டையும் கொஞ்சம் தளர்த்தி அதை முன்னுக்கு இழுங்கள். சில்லு விட்டால் றொட்டோ சுவிட்சோதான் காரணம். விடாவிட்டால் கலிப்பரின் காற்றெடுக்கும் நிப்பிளைத் திறந்து பாருங்கள். அப்போது விட்டால் அடைப்பு ஹோஸிலோ சிலிண்டர் துளையிலோ. அதற்கும் விடாவிட்டால் மட்டுமே கலிப்பருக்குக் காசு செலவழிக்கலாம்.

பிஸ்டனின் குழியைப் பார்க்காதது

பூஸ்டரோடு வரும் மாஸ்டர் சிலிண்டரின் பிஸ்டனில் பின்பக்கக் குழி ஆழம் குறைவாக இருக்கும். பூஸ்டரின் றொட் எங்கேயும் விழாது என்பதால் அது போதும். அதே குழியில் உங்கள் நீள றொட்டை வைத்தால், யாராவது பெடலை நுனிக்காலால் மேலே தூக்கும் நாளில் றொட் நழுவி விழும். அடுத்த மிதிக்குப் பிறேக்கே இல்லை. குழி ஆழமான பிஸ்டன் வேண்டும், அல்லது றொட்டைப் பிடித்து வைக்கும் கிளிப் உள்ள சிலிண்டர் வேண்டும்.

துருப்பிடித்த தகட்டில் பூட்டுவது

உப்புக்காற்று ஊர் இது. இப்போது முழுப் பலமும் காலில் இருந்து போகிறது, மெல்லிய தகடு வளையும். பெடலை ஒருவர் அழுத்திப் பிடிக்க, பொனட்டுக்குக் கீழே பாருங்கள். மாஸ்டர் சிலிண்டர் மூக்கை அசைத்தால் பின்னால் தடித்த தகடு வைத்துப் பூட்டுங்கள்.

வக்கியூம் துளையை அப்படியே விடுவது

பெற்றோல் என்ஜினில் வக்கியூம் குழாய் கழற்றிய மனிபோல்டின் துளை திறந்திருந்தால் காற்றுக் கூடி என்ஜின் ஸ்லோவில் நிற்காது. பிளாஸ்ரிக் பையைச் சுற்றிய போல்ட் மூடி இல்லை, மரையுள்ள அடைப்பான் போடுங்கள். டீசல் என்ஜினில் கதை வேறு. அல்டர்னேட்டரின் பின்னால் வக்கியூம் பம்ப் இருந்தால், பூஸ்டர் போனாலும் பம்ப் சுற்றிக்கொண்டேதான் இருக்கும். “இனித் தேவையில்லை” என்று அதற்கு வரும் என்ஜின் ஒயில் பைப்பை மூடிவிட்டால் பம்ப் காய்ந்து இறுகும், அல்டர்னேட்டரையும் கூட்டிக்கொண்டு போகும்.

மண்ணெண்ணெயில் ரப்பர் கழுவுவது

போர்க்காலப் பொருளாதாரத் தடையின்போது இந்த ஊரில் கார்களே மண்ணெண்ணெயில் ஓடின, அதனால் மண்ணெண்ணெய் எல்லாவற்றுக்கும் மருந்து என்று ஒரு தலைமுறை நம்புகிறது. பிறேக் ரப்பருக்கு அது நஞ்சு, ஊதிப்போகும். பிறேக் ஒயிலால் கழுவுங்கள்.

இடம் போதாது என்றவுடன் கழற்றுவது

விட்டம் குறைந்த, டயபிறாம் இரண்டு உள்ள பூஸ்டர் கிடைக்கும். பழைய இங்கிலாந்துக் கார்களுக்கென்று, பைப்பின் நடுவில் பூட்டுகிற தனி சேர்வோவும் உண்டு. அதை மட்கார்ட் பக்கம் ஒளித்து வைக்கலாம். என்னைக் கேட்டால் முதலில் இவற்றைத் தேடுவேன்.

ஊருக்குள் ஓட்டிவிட்டு முடிந்தது என்பது

யாழ்ப்பாணத்தில் இறக்கம் இல்லை. இங்கே நிற்கிற கார் மலைநாட்டுக் கடுகண்ணாவை இறக்கத்தில் நிற்கும் என்பதற்கு ஒரு உத்தரவாதமும் இல்லை. வருடத்துக்கு ஒருமுறை செய்யும் புகைப் பரிசோதனை புகையைத்தான் அளக்கிறது, பிறேக்கை அளப்பதில்லை. முதலில் கைப்பிறேக்கைச் சரிபாருங்கள், அது வேலை செய்யாமல் வெளிக்கிடாதீர்கள். விடிய வெள்ளெனச் சனமில்லாத நேர் வீதியில் 30 கிலோமீற்றர் வேகத்தில் தொடங்கி 60 வரை. பிறகு நிறுத்தாமல் கொடிகாமம் வரை ஓடி, இறங்கி நாலு சில்லுக்கும் கிட்டக் கையைக் கொண்டுபோய்ச் சூட்டைப் பாருங்கள், தொட வேண்டாம். முன் இரண்டும் ஒரே அளவு, பின் இரண்டும் ஒரே அளவு இருக்க வேண்டும்.

அப்புறம், அந்தக் காரை வீட்டில் வேறு யார் ஓட்டுகிறார்கள் என்று பாருங்கள். அம்மாவோ மனைவியோ ஓட்டுவதாக இருந்தால் அவரை இருத்தி, 40-இல் போகும்போது சடுதியாக நிறுத்தச் சொல்லுங்கள். சீற்றின் நுனிக்கு வந்து இரண்டு காலாலும் மிதிக்க வேண்டியிருந்தால், கழற்றிய பூஸ்டரை இன்னும் விற்காமல் வைத்திருப்பது நல்லது.